ஆன் வியாசெம்ஸ்கி: நடிகை, நாவலாசிரியர் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அறுபதுகளின் ஐரோப்பியப் படங்களைத் தேடிப் பார்ப்பவர்களுக்கு இந்த முகம் பழக்கமானது. பெயர் கேட்டால் பலர் யோசிப்பார்கள். பெயர் தெரிந்தவர்களிலும் பலருக்கு 'பிரெஞ்சு இயக்குநர் கோதாரின் முன்னாள் மனைவி' என்ற அளவில்தான் தெரியும். பன்னிரண்டு நாவல்களுக்கு மேல் எழுதி, பிரான்சின் பெரிய இலக்கியப் பரிசு ஒன்றையும் வாங்கியவருக்கு அந்த அறிமுகம் போதாது. அவருடைய படங்களைப் பார்த்த நண்பர்கள் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்டவற்றை இங்கே ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன்.

யார் இந்த ஆன் வியாசெம்ஸ்கி?

1947 மே 14 அன்று பெர்லினில் பிறந்த பிரெஞ்சு நடிகை, எழுத்தாளர். பதினெட்டு வயதில் ரொபேர் ப்ரெஸ்ஸோனின் படத்தில் கதாநாயகியாக அறிமுகமானார். பிறகு ழான்-லுக் கோதார், பசோலினி, மார்கோ ஃபெர்ரேரி, பிலிப் காரெல் என்று வரிசையாக முக்கியமான இயக்குநர்களிடம் நடித்தார். நாற்பதை ஒட்டிய வயதில் முதல் புத்தகத்தை வெளியிட்டார். அதன்பின் கடைசிவரை எழுத்துதான். 2017 அக்டோபர் 5 அன்று புற்றுநோயால் பாரிஸில் காலமானார். அப்போது வயது 70.

பெயர் ரஷ்யப் பெயர், பிறந்தது பெர்லினில், ஆனால் பிரெஞ்சுக்காரர். எப்படி?

அப்பா யுவான் வியாசெம்ஸ்கி, பழைய ரஷ்யப் பிரபு குலத்தைச் சேர்ந்தவர். புரட்சிக்குப் பிறகு பிரான்சுக்கு வந்து சேர்ந்த குடும்பம். அம்மா க்ளேர் மோரியாக், 1952இல் நோபல் பரிசு பெற்ற நாவலாசிரியர் பிரான்சுவா மோரியாக்கின் மகள். இரண்டாம் உலகப் போரில் க்ளேர் செஞ்சிலுவைச் சங்கத்தில் ஆம்புலன்ஸ் ஓட்டினார். போர் முடிந்ததும் அந்த வேலையாகவே இடிபாடாகக் கிடந்த பெர்லினுக்குப் போனார். அங்கேதான் யுவானைச் சந்தித்தார், அங்கேதான் ஆன் பிறந்தார்.

அப்பாவின் வேலை காரணமாகச் சிறுவயது பல நாடுகளில் கழிந்தது. ஜெனீவா, மான்டெவிடியோ, காரகாஸ் என்று ஊர் ஊராகக் குடும்பம் மாறியது. 1962இல் அப்பா இறந்துவிட்டார். ஆனுக்கு வயது பதினைந்து. அதன்பிறகு குடும்பத்தில் பெரிய முடிவு என்றால் தாத்தா மோரியாக்கின் வார்த்தைதான். அந்தக் காலத்து பிரான்சில் 21 வயது ஆனால்தான் சட்டப்படி மேஜர். இந்த ஒரு விஷயம், பின்னால் வரும் கதை முழுவதற்கும் முக்கியம்.

சினிமாவுக்கு எப்படி வந்தார்?

ஃபுளோரான்ஸ் தெலே என்ற தோழி மூலமாக. ப்ரெஸ்ஸோனின் முந்தைய படம் ஒன்றில் ஜோன் ஆஃப் ஆர்க் வேடம் போட்டவர் இந்த ஃபுளோரான்ஸ். அவர்தான் பள்ளி மாணவியாக இருந்த ஆனை ப்ரெஸ்ஸோனிடம் அறிமுகப்படுத்தினார். ப்ரெஸ்ஸோன் தேடிக்கொண்டிருந்ததும் நடிப்பு என்றால் என்னவென்றே தெரியாத ஒரு பெண்ணைத்தான். தாத்தா சம்மதித்தார். 1965 கோடையில் படப்பிடிப்பு நடந்தது. 1966இல் 'ஒ அசார் பல்தசார்' வெளியானது.

ஒரு கழுதையின் வாழ்க்கைக் கதை அது. பல்தசார் என்ற அந்தக் கழுதை கை மாறிக் கைமாறிப் போகிறது. ஒவ்வொரு எஜமானிடமும் ஒவ்வொரு விதமான துன்பம். சின்ன வயதில் அதன்மேல் பாசம் வைத்த மாரி என்ற பெண்ணாக ஆன் வருகிறார். மழை இரவில் ஒரு கஞ்சனின் வீட்டில் ஒதுங்கும் மாரி, பசியில் ஜாம் பாட்டிலைத் திறந்து கரண்டியால் அள்ளிச் சாப்பிடும் காட்சி ஒன்று உண்டு. அவள் முகத்தில் பெரிதாக எதுவும் ஓடாது. ஆனால் அந்தக் கரண்டி போய் வரும் வேகத்திலேயே அவள் நிலைமை முழுக்கத் தெரிந்துவிடும். நான் இந்தப் படத்தை முதல் தடவை பார்த்து முடித்தபோது கழுதையை நினைத்து அழுதேன். இரண்டாம் தடவை மாரியை நினைத்து.

ப்ரெஸ்ஸோன் நடிகர்களை நடிக்கவே விடமாட்டார் என்கிறார்களே?

உண்மைதான். நடிகர் என்ற சொல்லே அவருக்குப் பிடிக்காது. 'மாடல்' என்றுதான் சொல்வார். ஓவியருக்கு முன் உட்காரும் மாடல் மாதிரி. தொழில்முறை நடிகர்களை ஒதுக்கிவிட்டுப் புதியவர்களை எடுப்பார். ஒரே வசனத்தை மறுபடி மறுபடி சொல்ல வைப்பார். உணர்ச்சி, ஏற்ற இறக்கம், 'இப்படிச் சொன்னால் நன்றாக இருக்கும்' என்ற எண்ணம் எல்லாம் உதிர்ந்து, வார்த்தை மட்டும் வெளியே வரும்வரை விடமாட்டார்.

அப்படியானால் ஆன் செய்தது நடிப்பே இல்லையா என்று கேட்டால், நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். அதே கட்டுப்பாட்டில் அதே மாதிரி பேசிய எத்தனையோ பேர் மனதில் நிற்பதில்லை. மாரி நிற்கிறாள்.

ப்ரெஸ்ஸோனைப் பற்றி அவர் ஒரு புத்தகம் எழுதினாராமே. அதில் என்ன இருக்கிறது?

2007இல் வந்த 'ழன் ஃபீய்'. 'இளம்பெண்' என்று பொருள். அந்த 1965 கோடையைப் பற்றியது. என் கருத்தில் அவர் எழுதியதிலேயே மிகச் சிறந்தது இதுதான்.

ப்ரெஸ்ஸோனுக்கு அறுபதைத் தாண்டிய வயது, ஆனுக்குப் பதினெட்டு. படப்பிடிப்பு நாட்களில் கிராமத்தில் ஒரே வீட்டில் தங்க வேண்டியிருக்கிறது. இயக்குநர் அவரைத் தன் பக்கத்திலேயே வைத்துக்கொள்கிறார், மற்றவர்களுடன் பேசிச் சிரித்தால்கூட முகம் சுளிக்கிறார். மாலை நேரத்தில் கையைப் பிடித்துக்கொள்கிறார், முத்தமிட முயல்கிறார். ஆன் விலகுகிறார். அவர் வருந்துகிறார், மறுநாள் மீண்டும் முயல்கிறார். இதையெல்லாம் ஒளிக்காமல் எழுதியிருக்கிறார் ஆன்.

அதே புத்தகத்தில் இன்னொன்றும் இருக்கிறது. காலையில் கேமரா முன்னால் நின்றதும் அந்தப் பெண்ணுக்கு வரும் சந்தோஷம். தான் எதற்காகப் பிறந்தோமோ அந்த இடத்துக்கு வந்துவிட்டோம் என்ற நிம்மதி. அந்த இடத்தைக் காட்டியவரும் இதே மனிதர்தான் என்ற நன்றி. இரண்டையும் ஒரே பக்கத்தில் வைக்கிறார். ஒன்றை வைத்து இன்னொன்றை அழிப்பதில்லை. ப்ரெஸ்ஸோன் 1999இல் இறந்தார். படப்பிடிப்பு முடிந்து நாற்பது ஆண்டுகளுக்கு மேல் கழித்து, நிதானமாக உட்கார்ந்து, பதினெட்டு வயதுப் பெண்ணின் கண் வழியாகவே எழுதியிருக்கிறார். அறுபது வயதுக்காரியின் தீர்ப்பு குறுக்கே வருவதில்லை. இதற்கு எவ்வளவு கட்டுப்பாடு வேண்டும் என்பது, தன் கடந்த காலத்தைப் பற்றி நாலு வரி எழுதிப் பார்த்தவர்களுக்குப் புரியும்.

கோதாரை எப்படிச் சந்தித்தார்?

'பல்தசார்' படப்பிடிப்புக்கே கோதார் வந்திருந்தார். அப்போது ஆனுக்கு அவர்மேல் பெரிய ஈடுபாடு எதுவும் ஏற்படவில்லை. 1966இல் கோதாரின் 'மாஸ்குலன் ஃபெமினன்' படத்தைப் பார்த்த பிறகு மனசு மாறியது. 'கையே து சினிமா' பத்திரிகை முகவரிக்கு அவருக்கு ஒரு கடிதம் போட்டார்: படம் பிடித்திருக்கிறது, அதை எடுத்த மனிதரையும் பிடித்திருக்கிறது என்று. பிரான்சின் தெற்கே தோழி வீட்டில் தங்கியிருந்த ஆனைத் தேடிக்கொண்டு கோதார் வந்துவிட்டார்.

அவருக்கு 35 வயது, ஏற்கெனவே ஒரு திருமணம் முறிந்தவர். இவருக்கு 19, மேஜர் கிடையாது, மோரியாக் வீட்டுப் பெண். அம்மாவுக்குக் கடும் கோபம். கடைசியில் கோதார் தாத்தாவிடம் முறைப்படி பெண் கேட்டார். 1967 ஜூலையில் சுவிட்சர்லாந்தில் பெஞான் என்ற சிற்றூரில் திருமணம் நடந்தது. 1970இல் பிரிந்தார்கள், 1979இல் விவாகரத்து.

இடையில் 1966–67 கல்வியாண்டில் ஆன் நான்தேர் பல்கலைக்கழகத்தில் தத்துவம் படித்தார். அங்கே செம்பட்டை முடிக்காரரான ஒரு மாணவர், 'செம்பட்டை முடிக்காரர்கள் ஒற்றுமையாக இருக்க வேண்டும்' என்று சொல்லிக்கொண்டு இவரிடம் பேச்சுக் கொடுப்பாராம். இவருக்கும் அதே நிறத்தில் முடி. அந்த மாணவர்தான் தானியேல் கோன்-பெந்தித். அடுத்த வருடம், 1968 மே மாதம் மாணவர் கிளர்ச்சி வெடித்தபோது, அவர் பெயர் பிரான்சு முழுக்க ஒலித்தது.

கோதார் படங்களில் அவருக்கு என்ன வேலை?

முக்கியமானது 1967இல் வந்த 'லா ஷினுவாஸ்'. மாவோவின் சிவப்புப் புத்தகத்தை வைத்துக்கொண்டு ஒரு வீட்டுக்குள் புரட்சி பேசும் ஐந்து இளைஞர்களின் கதை. அந்த வீடு, கோதாரும் ஆனும் அப்போது வாழ்ந்த வீடேதான். ஆன், வெரோனிக் என்ற மாணவி.

அதில் ஒரு ரயில் காட்சி வரும். தவறவிடாதீர்கள். குண்டு வைத்துப் பல்கலைக்கழகத்தை மூட வேண்டும் என்கிறாள் வெரோனிக். எதிரே உட்கார்ந்து 'உன் பின்னால் யார் இருக்கிறார்கள்? மக்கள் இல்லாமல் எப்படிப் புரட்சி?' என்கிற ரீதியில் மடக்குபவர் ஃபிரான்சிஸ் ழான்சோன். அல்ஜீரிய விடுதலைப் போராட்டத்துக்கு ரகசியமாக உதவிய வலைப்பின்னலை நடத்திய தத்துவவாதி. அது மட்டுமல்ல, நிஜ வாழ்க்கையில் ஆனுக்குத் தத்துவப் பாடம் சொல்லிக்கொடுத்தவரும் அவர்தான். ழான்சோன் தன் சொந்தக் கருத்தைப் பேசுகிறார். ஆனின் காதில் ஒரு சின்னக் கருவி. அதன் வழியாகக் கோதார் சொல்லச் சொல்ல, அவர் திருப்பிச் சொல்கிறார். ஆக, தன் ஆசிரியரோடு வாதாடிய அந்த மாணவியின் வாயில் இருந்தது கணவரின் வாதம்.

அடுத்த வருடம், லண்டனில் ரோலிங் ஸ்டோன்ஸ் இசைக்குழுவை வைத்து எடுத்த 'ஒன் பிளஸ் ஒன்'. இதில் ஆனுக்கு ஈவ் டெமாக்ரசி என்று பெயர். காட்டுக்குள் நடந்துகொண்டே இருப்பார். பின்னாலேயே ஒரு தொலைக்காட்சிக் குழு நீள நீளமாகக் கேள்வி கேட்டுக்கொண்டு வரும். அவர் சொல்வது 'ஆமாம்', 'இல்லை', அவ்வளவுதான்.

பசோலினி படத்திலும் இருக்கிறாரே?

1968இல் வந்த 'தியோரெமா'. ஒரு பணக்கார மிலான் குடும்பத்துக்கு யாரென்று தெரியாத ஓர் இளைஞன் விருந்தாளியாக வருகிறான், எல்லோரையும் தன்வயப்படுத்துகிறான், போய்விடுகிறான். அவன் போன பிறகு மகள் ஒதெத்தா படுக்கையில் சாய்கிறாள். கண் நிலைகுத்திவிட்டது, ஒரு கை இறுக மூடியிருக்கிறது. யார் முயன்றும் அந்த விரல்களைப் பிரிக்க முடியவில்லை. அப்படியே தூக்கிக்கொண்டு போகிறார்கள். அந்த ஒதெத்தா இவர்தான். அடுத்த ஆண்டு பசோலினியின் 'போர்சிலே'யிலும் நடித்தார்.

இங்கே எனக்குத் தோன்றுவதைச் சொல்லிவிடுகிறேன். ஒருவர் குரலிலிருந்து உணர்ச்சியை எடுத்தார். ஒருவர் காதில் வசனம் ஓதினார், பிறகு இரண்டே வார்த்தை கொடுத்தார். ஒருவர் வாயை மூடிக் கையையும் மூடவைத்தார். மூவரும் மேதைகள், எல்லாமே நல்ல படங்கள். நான் குறைசொல்ல வரவில்லை. ஆனால் அந்தப் பெண் அத்தனை நாளும் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தார். பார்த்ததைச் சொல்ல அவருக்கு இருபது, முப்பது, நாற்பது ஆண்டுகள் பிடித்தன. அவர் எழுத்தாளரானது இரண்டாவது தொழிலுக்கு மாறிய கதை என்று நான் நினைக்கவில்லை. முதல் தொழிலில் வாய்க்காத சொந்தப் பேச்சு, எழுத்தில் வந்தது.

அறுபதுகளுக்குப் பிறகு நடிக்கவில்லையா?

நடித்தார். 1973இல் மிஷேல் ரோசியே இயக்கிய 'ழோர்ஜ் கி?' படத்தில் 19ஆம் நூற்றாண்டின் பெண் எழுத்தாளர் ழோர்ஜ் சாந்த் வேடம் போட்டார். தத்துவவாதி ழில் தெலூஸ் அதில் ஒரு சிறு வேடத்தில் தலைகாட்டுகிறார். பிலிப் காரெலின் 'ரகசியக் குழந்தை' அவருடைய பிற்காலப் படங்களில் நான் மிகவும் மதிப்பது. 1979இல் எடுத்த அந்தப் படம் 1982இல்தான் திரைக்கு வந்தது, ழான் விகோ பரிசும் பெற்றது. 1985இல் ஆந்த்ரே தெஷினேயின் 'ரான்தே-வூ'. எண்பதுகளின் முடிவோடு நடிப்பு ஏறக்குறைய நின்றுவிட்டது. அப்புறம் க்ளேர் தெனியின் 'யூ.எஸ். கோ ஹோம்' படத்துக்குச் சேர்ந்து திரைக்கதை எழுதினார், நடிகை தானியேல் தாரியே பற்றி ஓர் ஆவணப்படம் எடுத்தார்.

எப்போது எழுதத் தொடங்கினார்? தாத்தாவின் பெயர் உதவியிருக்குமே?

முதல் புத்தகம் 1988இல் வந்த சிறுகதைத் தொகுப்பு: 'தே ஃபீய் பியென் எலெவே'. 'நன்றாக வளர்க்கப்பட்ட பெண்கள்' என்று சொல்லலாம். அடுத்த ஆண்டே முதல் நாவல்.

தாத்தா பெயர் கதவைத் திறந்திருக்கலாம் என்று நினைப்பது இயல்பு. ஆனால் மோரியாக் இறந்தது 1970இல். பேத்தியின் முதல் புத்தகம் வந்தது பதினெட்டு வருடம் கழித்து. நோபல் பரிசுக்காரர் ஒருவர் இருந்த வீட்டில் நானும் எழுதுகிறேன் என்று சொல்வதற்கு எவ்வளவு தயக்கம் இருக்கும்! அந்தப் பெயர் உதவியதைவிடத் தடுத்ததுதான் அதிகம் என்பது என் ஊகம்.

பரிசுகள் வாங்கியிருக்கிறாரா? எந்தெந்த நாவலுக்கு?

1993இல் வந்த 'கனீன்' (கோரைப்பற்கள்) ஒரு நாடகக் குழுவைச் சுற்றி நடக்கும் கதை. அதற்கு கோன்கூர் தே லிசேயான் கிடைத்தது. உயர்நிலைப் பள்ளி மாணவர்கள் படித்து, விவாதித்து, வாக்களித்துத் தேர்ந்தெடுக்கும் பரிசு அது.

பெரியது 1998இல் வந்தது. 'யூன் புவாஞே த ழான்' (ஒரு கைப்பிடி மனிதர்கள்) நாவலுக்கு, பிரெஞ்சு மொழிக்கான உயர் அமைப்பான பிரெஞ்சு அகாதமியின் நாவல் பெரும்பரிசு. பாரிஸில் வாழும் ஒரு பெண்ணுக்கு, ரஷ்யாவிலிருந்து வந்த ஒரு முதியவரின் கடிதம் கிடைக்கிறது. அதைத் தொடர்ந்து, தான் ஒருபோதும் அறிந்திராத அப்பா வழிக் குடும்பம் 1917இல் தன் பண்ணையில் எப்படி அழிந்தது என்று அவள் தெரிந்துகொள்கிறாள். சொந்தக் குடும்ப வரலாற்றிலிருந்து எடுத்த கதை. பண்ணையில் ரோஜா பூத்துக்கொண்டிருக்கிறது, பியானோ வாசிக்கிறார்கள், வேலி ஓரத்தில் நிற்கும் விவசாயிகளின் பார்வை மட்டும் நாளுக்கு நாள் மாறுகிறது. இதே பரிசை 1926இல் வாங்கியவர் பிரான்சுவா மோரியாக். அம்மா வழித் தாத்தா வாங்கிய பரிசைப் பேத்தி வாங்கியது, அப்பா வழி ரஷ்யாவைப் பற்றி எழுதி.

'ழ மப்பெல் எலிசபெத்' (என் பெயர் எலிசபெத்) நாவலும் சொல்லத்தக்கது. மனநல மருத்துவமனை இயக்குநரின் சின்ன மகள், அங்கிருந்து தப்பி வந்த ஒருவனுக்கு மறைவிடம் கொடுக்கிறாள். 2006இல் படமாகவும் வந்தது.

அவருடைய பிற்காலப் புத்தகங்கள் நாவலா, நினைவுக் குறிப்பா?

அட்டையில் 'நாவல்' என்றுதான் இருக்கும். உள்ளே ப்ரெஸ்ஸோன், கோதார், இன்னொரு இயக்குநரான த்ரூஃபோ எல்லோரும் சொந்தப் பெயரிலேயே வருவார்கள். 'ழன் ஃபீய்' தவிர, கோதாரோடு கழிந்த ஆண்டுகளைப் பற்றிய 'யூன் அனே ஸ்தூதியூஸ்' (2012), 'அன் ஆன் அப்ரே' (2015) இரண்டும் இந்த வகைதான். பெற்றோர் சந்தித்த கதையான 'என் பெர்லின் குழந்தை' (2009), அம்மாவின் கடிதங்களையும் நாட்குறிப்பையும் வைத்துக் கட்டப்பட்டது.

அரை நூற்றாண்டுக்கு முந்தைய உரையாடல் வார்த்தைக்கு வார்த்தை யாருக்கும் நினைவிருக்காது. அதை நாவல் என்று ஒப்புக்கொள்வதுதான் நேர்மை என்று எனக்குப் படுகிறது. வாக்கியங்கள் சின்னவை, நேரானவை. பெரிய மனிதர்களைப் பற்றிப் பேசுகிறோம் என்ற பதற்றமே இருக்காது.

கோதாரைப் பழிவாங்கத்தான் எழுதினார் என்கிறார்களே?

புத்தகங்களைப் படித்தவர்கள் அப்படிச் சொல்ல மாட்டார்கள். கோதாரின் பொறாமை, கோபம், 1968 மேக்குப் பிறகு பழைய நண்பர்களையும் பழைய சினிமாவையும் அவர் ஒதுக்கியது, அந்த வீட்டில் மூச்சு முட்டியது எல்லாம் இருக்கின்றன. கூடவே அவருடைய வெட்கம், தாராளம், விளையாட்டுத்தனம், காதலித்த பெண்ணைச் சிரிக்கவைக்க அவர் செய்த கூத்துகளும் இருக்கின்றன.

'அன் ஆன் அப்ரே'யை வைத்துத்தான் மிஷேல் ஹசனாவிசியஸ் 'ல ரெதூத்தாப்ல' படத்தை எடுத்தார். முதலில் ஆன் உரிமை தர மறுத்துவிட்டார். 'அவ்வளவு வேடிக்கையான புத்தகமாயிற்றே, வருத்தமாக இருக்கிறது' என்று இயக்குநர் போனை வைக்கப் போகும்போது சொன்னாராம். அது வேடிக்கையானது என்று தானும் நினைப்பதாகச் சொல்லி ஆன் மனம் மாறினார். லூயி காரெல் கோதாராகவும் ஸ்டேசி மார்ட்டின் ஆனாகவும் நடித்த படம், 2017 மே மாதம் கான் திரைப்பட விழாவில் போட்டிப் பிரிவில் திரையிடப்பட்டது. லூயி காரெல், 'ரகசியக் குழந்தை'யை எடுத்த பிலிப் காரெலின் மகன். படம் எனக்கு முழுத் திருப்தி தரவில்லை. புத்தகத்தில் கண் ஆனுடையது. படத்தில் நம் பார்வை கோதாரிடமே போய் நின்றுவிடுகிறது.

இவரைப் போல வேறு பிரெஞ்சு நடிகைகள் எழுதியிருக்கிறார்களா?

நிறையப் பேர். 18ஆம் நூற்றாண்டிலேயே மாரி-ழான் ரிக்கோபோனி மேடையை விட்டுவிட்டு நாவலாசிரியராகப் புகழ்பெற்றார். சாரா பெர்னார்த் 1907இல் தன் வரலாற்றை எழுதினார். சிமோன் சின்யோரே 1976இல் நினைவுகளையும், இறந்த ஆண்டான 1985இல் ஒரு பெரிய நாவலையும் வெளியிட்டார். அப்புறம், ஆனை ப்ரெஸ்ஸோனிடம் அழைத்துப் போன அதே ஃபுளோரான்ஸ் தெலே: அவரும் நாவலாசிரியரானார், 2000இல் பிரெஞ்சு அகாதமிக்கே தேர்ந்தெடுக்கப்பட்டார்.

எங்கிருந்து தொடங்கலாம்?

முதலில் 'பல்தசார்' பாருங்கள். உடனே, பிரெஞ்சு தெரிந்தால், 'ழன் ஃபீய்' படியுங்கள். பிறகு மறுபடி 'பல்தசார்'. இந்த வரிசையை நான் பலருக்கும் சொல்லியிருக்கிறேன். ஆங்கிலத்தில் மட்டும் படிப்பவர்களுக்கு 'என் பெர்லின் குழந்தை' மொழிபெயர்ப்பு இருக்கிறது. 'லா ஷினுவாஸ்' பார்த்துவிட்டால் 'யூன் அனே ஸ்தூதியூஸ்' இன்னும் சுவையாக இருக்கும்.

கடைசியாக என்ன எழுதினார்?

2017இல், இறந்த அதே ஆண்டில் வந்த 'அன் செந் ஓம்' (ஒரு புனித மனிதர்). சின்னப் புத்தகம். அதில் சினிமாக்காரர்கள் நாயகர்கள் இல்லை. காரகாஸ் பள்ளியில் சிறுமியாக இருந்தபோது தனக்குப் பாடம் எடுத்த ஒரு பாதிரியாரைப் பற்றியது. வகுப்பில் அவள் எழுதிய கட்டுரைகளைப் பார்த்து, உனக்கு எழுத வரும் என்று ஊக்கப்படுத்தியவர் அவர். முதல் புத்தகம் வெளிவந்த பிறகு இருவரும் மறுபடி சந்திக்கிறார்கள், அவர் இறக்கும்வரை அந்த நட்பு தொடர்கிறது. ப்ரெஸ்ஸோனுக்கும் கோதாருக்கும் முன்னாலேயே ஆனைக் கவனித்த ஆள் ஒருவர் இருந்திருக்கிறார். அவர் பார்த்தது அந்தச் சிறுமியின் எழுத்தை.